விழுந்தவர் எழுதிய புத்தகம்

(ஒலிப்பதிவின் எழுத்து வடிவம். படிக்க வசதியாகச் சில இடங்களில் சுருக்கியிருக்கிறோம்.)

மறைமலை நகரிலிருந்து பேசுகிறேன். நடுவில் ரயில் சத்தம் கேட்டால் கண்டுக்காதீங்க, செங்கல்பட்டு லைன் பக்கத்தில்தான். இன்றைக்கு அந்தச் சத்தம் பொருத்தமாகவும் இருக்கும். ஓடுகிற ரயிலை வைத்தே உலகத்தைச் சிரிக்க வைத்த ஒருவரைப் பற்றித்தான் இந்த எபிசோட்.

பஸ்டர் கீட்டன். மௌனப் படக் காலத்து நகைச்சுவை நடிகர். சார்லி சாப்ளின் பெயர் நம்ம ஊரில் குழந்தைக்குக்கூடத் தெரியும். கலைவாணர் என்.எஸ். கிருஷ்ணனையே 'இந்தியாவின் சார்லி சாப்ளின்' என்றுதானே சொல்கிறோம்? கீட்டன் அந்த அளவுக்கு இங்கே அறிமுகம் ஆகவில்லை. தட்டைத் தொப்பி, சிரிக்காத முகம், சின்ன உடம்பு. படம் பார்த்தால் "அட, இவரா" என்பீர்கள்.

அவருடைய எல்லாப் படங்களையும் பற்றி இன்றைக்குப் பேசப் போவதில்லை. 1960-ல் அவர் எழுதிய ஒரு புத்தகத்தைப் பற்றிப் பேசலாம். பெயர் 'மை ஒண்டர்ஃபுல் வேர்ல்டு ஆஃப் ஸ்லாப்ஸ்டிக்'. சார்லஸ் சாமுவேல்ஸ் என்ற பத்திரிகையாளரோடு சேர்ந்து எழுதியது. அதாவது இவர் பேச, அவர் எழுத்தில் கொண்டுவந்தார். அதனால் அந்தப் புத்தகத்தில் பேச்சு வாடை இருக்கும். திண்ணையில் உட்கார்ந்து ஒரு பெரியவர் கதை சொல்கிற மாதிரி.

சாப்ளின் எழுதாததை இவர் எழுதினார்

மௌனப் பட நகைச்சுவையின் பெரிய மூவர் என்று சாப்ளின், ஹெரால்டு லாயிட், கீட்டன் மூவரையும் சொல்வார்கள். மூவருமே தங்களைப் பற்றிப் புத்தகம் போட்டவர்கள். லாயிட் 1928-லேயே போட்டுவிட்டார். சாப்ளின் 1964-ல். சாப்ளினின் சுயசரிதையில் லண்டன் வறுமைப் பகுதியைப் படித்தால் நெஞ்சு கனக்கும். ஆனால் புகழ் வந்த பிறகு யாரைச் சந்தித்தார், யாரோடு சாப்பிட்டார் என்பதே அதிகம். ஒரு காட்சியை எப்படிக் கட்டினார், எங்கே சறுக்கியது, எப்படிச் சரி செய்தார் என்று தேடினால் கையில் கொஞ்சம்தான் மிஞ்சும். 'லைம்லைட்' படத்தில் தன்னோடு நடித்த கீட்டனின் பெயரைக்கூட அவர் குறிப்பிடவில்லை.

கீட்டன் அப்படி இல்லை. இவர் எழுதியது வேலையைப் பற்றி. எப்படி விழுவது, கேமராவை எங்கே வைப்பது, எது சிரிப்பு வரவைக்கும், எது வரவைக்காது, ஏன். ஒரு நல்ல மெக்கானிக் ரிட்டயர் ஆன பிறகு தன் தொழிலைச் சொன்னால் எப்படி இருக்கும், அதுதான் இந்தப் புத்தகம். நான் இங்கே ஒரு தொழிற்சாலையில் டூல் ரூமில் இருபது வருஷத்துக்கு மேல் வேலை பார்த்தவன். அதனாலேயே இந்தப் புத்தகம் எனக்குப் பிடித்துப் போனது என்று நினைக்கிறேன்.

முதுகில் கைப்பிடி வைத்த குழந்தை

கீட்டன் பிறந்தது 1895, அமெரிக்காவின் கான்சாஸ் மாநிலத்தில். அப்பா அம்மா இரண்டு பேரும் மேடைக் கலைஞர்கள். நம்ம ஊர் பாய்ஸ் கம்பெனி போல ஊர் ஊராகப் போகிற வாழ்க்கை. பையனுக்கு ஐந்து வயது ஆவதற்குள் மேடையில் ஏற்றிவிட்டார்கள். மூன்று பேர் சேர்ந்து 'த்ரீ கீட்டன்ஸ்' என்று ஒரு நிகழ்ச்சி.

நிகழ்ச்சி என்னவென்றால், சொன்னபடி கேட்காத பையனை அப்பா தூக்கி எறிவார். நிஜமாகவே எறிவார். மேடையின் இந்த மூலையிலிருந்து அந்த மூலைக்கு, திரைச்சீலை மேல், சில சமயம் கீழே வாத்தியக்காரர்கள் உட்கார்ந்திருக்கிற பக்கம். தூக்க வசதியாகப் பையனின் சட்டை முதுகில் சூட்கேஸ் கைப்பிடி ஒன்றைத் தைத்து வைத்திருந்தார்கள்! குழந்தைகள் பாதுகாப்புச் சங்கத்துக்காரர்கள் புகார் மேல் புகார் கொடுத்தார்கள். நியூயார்க் மேயர் முன்னால் பையனை நிறுத்தி, சட்டையைக் கழற்றி, உடம்பில் காயம் இருக்கிறதா என்று பார்த்ததாக எழுதுகிறார்.

இன்றைக்குக் கேட்டால் நமக்குப் பதறும். பதறத்தான் வேண்டும். ஆனால் கீட்டன் இதைக் குறையாகச் சொல்லவில்லை. அங்கேதான் தொழில் கற்றேன் என்கிறார். உடம்பை இறுக்கிப் பிடித்தால் எலும்பு போகும், தளர விட்டு, தரையைத் தொடுகிற நொடியில் ஒரு கையாலோ காலாலோ வேகத்தை உடைத்துவிட வேண்டும் என்பது பாடம் ஒன்று. எவ்வளவு அடி வாங்கினாலும் சிரிக்கக் கூடாது என்பது பாடம் இரண்டு. தான் சிரித்தால் ஜனங்கள் குறைவாகச் சிரிக்கிறார்கள், தான் உம்மென்று இருந்தால் அதிகமாகச் சிரிக்கிறார்கள் என்று அந்தச் சின்னப் பையனுக்கே புரிந்துவிட்டது. பிற்காலத்தில் உலகம் வியந்த அந்தக் கல் முகம் இப்படி வந்ததுதான். தத்துவமெல்லாம் பிறகு விமர்சகர்கள் சேர்த்தது.

குடும்பக் கதைகள் சிலவற்றில் கொஞ்சம் மசாலா இருக்கிறது. குழந்தையாக இருந்தபோது சூறாவளி தன்னை ஜன்னல் வழியாகத் தூக்கிப் போய்த் தெருவில் இறக்கிவிட்டது என்று ஒரு கதை. அப்பா விளம்பரத்துக்காகச் சொல்லிச் சொல்லிப் பெரிதாக்கியது போலத்தான் தெரிகிறது. அதை அப்படியே எடுத்துக்கொண்டு போய்விடலாம்.

250 டாலரை விட்டு 40 டாலருக்கு

1917. கீட்டனுக்கு 21 வயது. நியூயார்க்கில் ஒரு பெரிய மேடை நிகழ்ச்சியில் வாரம் 250 டாலருக்கு ஒப்பந்தம். அந்த நேரத்தில் ராஸ்கோ ஆர்பக்கிள் என்ற பருமனான நகைச்சுவை நடிகர், அன்றைக்குப் பெரிய ஸ்டார், தன் ஸ்டுடியோவுக்கு வந்து பார்க்கச் சொல்கிறார். கீட்டன் போகிறார். 'தி புட்சர் பாய்' என்ற படம் எடுத்துக்கொண்டிருக்கிறார்கள். மாவு மூட்டை ஒன்று பறந்து வந்து முகத்தில் விழுகிறது. அன்றைக்கே நடிகர் ஆகிவிட்டார்.

ஆனால் அவரைப் பிடித்துக்கொண்டது நடிப்பு இல்லைங்க, கேமரா. இது எப்படி ஓடுகிறது, உள்ளே ஃபிலிம் எப்படி நகர்கிறது, வெட்டி ஒட்டுகிற அறையில் என்ன நடக்கிறது என்று அதற்குள்ளேயே புகுந்துவிட்டார். 250 டாலர் மேடை ஒப்பந்தத்தை விட்டுவிட்டு, வாரம் 40 டாலருக்குப் படத்தில் சேர்ந்தார். நான் டூல் ரூமில் சேர்ந்த புதிதில் இப்படிச் சில பசங்களைப் பார்த்திருக்கிறேன். சம்பளம் எவ்வளவு என்று கேட்பதற்கு முன்னால் மெஷின் மூடியைத் திறந்து பார்ப்பார்கள்.

தொடக்கம் இருந்தால் போதும், முடிவு இருந்தால் போதும்

1920 முதல் கீட்டனுக்குச் சொந்த யூனிட். புத்தகத்தின் நல்ல பகுதி இதுதான். எழுதி வைத்த திரைக்கதை கிடையாது. ஜீன் ஹாவெஸ், கிளைட் ப்ரக்மன் போல நாலைந்து பேர் உட்கார்ந்து பேசுவார்கள். நல்ல தொடக்கம் ஒன்று, நல்ல முடிவு ஒன்று கிடைத்துவிட்டால் வேலையை ஆரம்பிப்பார்கள். நடுப்பகுதி தானாக வந்துவிடும் என்பது அவர் நம்பிக்கை. எங்கேயாவது மாட்டிக்கொண்டால் படப்பிடிப்பை நிறுத்திவிட்டு எல்லோரும் பேஸ்பால் விளையாடப் போவார்கள். ஆட்டத்தின் நடுவில் யாருக்காவது யோசனை வரும், மட்டையைப் போட்டுவிட்டு ஓடி வருவார்கள்.

விளையாட்டாக வேலை செய்தார்கள் என்று இதற்கு அர்த்தம் இல்லை. எங்க டூல் ரூமில் ஒரு டை செய்தால், கணக்கு எல்லாம் சரியாக இருந்தாலும், பிரஸ்ஸில் ஏற்றி டிரையல் போட்டு முதல் பீஸைப் பார்க்காமல் யாரும் நம்ப மாட்டோம். கீட்டனுக்கும் அப்படித்தான். படத்தை வெளியிடுவதற்கு முன்னால் ஏதாவது ஒரு தியேட்டரில் சும்மா போட்டுக் காட்டுவார். ஜனங்கள் எங்கே சிரிக்கிறார்கள் என்று பின்னால் நின்று பார்ப்பார்.

அப்படி அவர் சொல்லும் இரண்டு கதைகள் எனக்கு ரொம்பப் பிடிக்கும்.

முதலாவது, 'தி நேவிகேட்டர்', 1924. கதாநாயகன் கடலுக்கு அடியில் முக்குளிப்பவர் உடையில் கப்பலைப் பழுது பார்க்கிறான். அங்கே மீன் கூட்டம் போகிறது. ஒரு நட்சத்திர மீனை எடுத்து மார்பில் பேட்ஜ் மாதிரி குத்திக்கொண்டு, டிராஃபிக் போலீஸ் போல மீன்களை நிறுத்தி, போகச் சொல்கிறான். செலவு செய்து, கஷ்டப்பட்டு எடுத்த காட்சி. விளம்பரத்தில் போட்டால் சிரிப்பு. படத்துக்குள் போட்டால் ஒருத்தரும் சிரிக்கவில்லை. ஏன்? மேலே கப்பலில் கதாநாயகி ஆபத்தில் இருக்கிறாள். அவளை விட்டுவிட்டு இவன் கீழே விளையாடிக்கொண்டிருக்கிறான் என்று ஜனங்களுக்குக் கோபம். தூக்கிவிட்டார் காட்சியை.

இரண்டாவது, 'செவன் சான்சஸ்', 1925. மலைச்சரிவில் ஓடி வரும்போது தெரியாமல் கால் பட்டு மூன்று கற்கள் உருண்டு பின்னால் வந்தன. எடுத்தபோது யாரும் கவனிக்கவே இல்லை. டிரையல் காட்சியில் அந்த இடத்தில் ஜனங்கள் சிரித்தார்கள். படத்தை மறுபடி போட்டுப் பார்த்துக் காரணத்தைக் கண்டுபிடித்தார்கள். திரும்பப் போய் ஏராளமான போலிப் பாறைகளைச் செய்து, சிறியது முதல் ஆளை விடப் பெரியது வரை மலையிலிருந்து உருட்டிவிட்டார்கள். இன்றைக்கு அந்தப் படத்தை யாரும் நினைவு வைத்திருப்பது அந்தப் பாறைகளால்தான்.

பாருங்க, ஒன்றில் தான் ஆசைப்பட்டதை வெட்டி எறிகிறார். இன்னொன்றில் தான் நினைக்காததை எடுத்து வளர்க்கிறார். இரண்டுக்கும் ஒரே நிபந்தனைதான். முடிவெடுக்கிறவர் வேலை செய்கிறவராகவே இருக்க வேண்டும்.

கூடுவாஞ்சேரிக்காரர்கள் பார்க்க வேண்டிய படம்

'ஒன் வீக்' என்று 1920-ல் வந்த குறும்படம். இருபது நிமிஷத்துக்குக் கொஞ்சம் கூட. புதுசாகக் கல்யாணமான ஜோடிக்கு, பெட்டி பெட்டியாக ஒரு வீடு பரிசாக வருகிறது. பெட்டியில் எண் போட்டிருக்கும், வரிசைப்படி பூட்டினால் வீடு ரெடி. பொறாமைக்காரன் ஒருவன் எண்களை மாற்றி எழுதிவிடுகிறான். வீடு கோணல்மாணலாக எழுகிறது. புயலில் ராட்டினம் போலச் சுற்றுகிறது. கடைசியில் பார்த்தால், தப்பான மனையில் கட்டிவிட்டார்களாம்! வீட்டை இழுத்துக்கொண்டு போகும்போது தண்டவாளத்தின் நடுவில் மாட்டிக்கொள்கிறது. ரயில் வருகிறது. கண்ணை மூடிக்கொள்கிறார்கள். ரயில் பக்கத்துத் தண்டவாளத்தில் போய்விடுகிறது. அப்பாடா என்று மூச்சு விடும்போது...

மிச்சத்தை நீங்களே பாருங்க. இணையத்தில் இலவசமாகவே கிடைக்கிறது. கூடுவாஞ்சேரி, பொத்தேரி, ஊரப்பாக்கம் பக்கம் மனை வாங்கிப் பட்டாவுக்கு அலைந்தவர்கள் யாராக இருந்தாலும் அந்தப் படத்தில் தங்களைப் பார்ப்பார்கள்.

விலை

இந்தச் சிரிப்புக்கு உடம்பு கொடுத்த விலையையும் சொல்லணும். 'ஷெர்லாக் ஜூனியர்', 1924-ல் ரயில் இன்ஜினுக்குத் தண்ணீர் ஊற்றுகிற குழாயிலிருந்து தொங்கும் காட்சி. தண்ணீர் எதிர்பார்த்ததை விட வேகமாகக் கொட்டி அவரைத் தண்டவாளத்தில் அடித்தது. தலைவலியோடு வேலையைத் தொடர்ந்தார். பல வருஷம் கழித்து எடுத்த எக்ஸ்ரேயில்தான் கழுத்தெலும்பு முறிந்து தானாகக் கூடியிருப்பது தெரிந்தது. 1928-ல் 'ஸ்டீம்போட் பில் ஜூனியர்' படத்தில் ஒரு வீட்டின் முன்சுவர் முழுதாக அவர் மேல் சாய்கிறது. மாடி ஜன்னல் இருந்த இடத்தில் அவர் நிற்பதால் பிழைக்கிறார். ட்ரிக் ஷாட் இல்லை. நிஜச் சுவர். ஜன்னல் சட்டத்துக்கும் அவர் தோளுக்கும் நடுவே சில அங்குலம்தான்.

வாழ்க்கையின் பெரிய தவறு

அதே 1928-ல் அவருடைய தயாரிப்பாளர் ஜோசப் ஷெங்க், கீட்டனை எம்.ஜி.எம். என்ற மாபெரும் கம்பெனிக்கு மாற்றிவிட ஏற்பாடு செய்கிறார். அதற்கு முன்னால் வந்த 'தி ஜெனரல்' படம் வசூலில் விழுந்திருந்தது. நிஜ ரயிலை எரிகிற பாலத்திலிருந்து ஆற்றில் விழ வைத்து எடுத்த படம் அது. இன்றைக்கு உலகின் சிறந்த படங்களில் ஒன்றாகச் சேர்க்கிறார்கள். அன்றைக்கு நஷ்டம். போகாதே என்று சாப்ளினும் லாயிடும் சொன்னார்கள். கீட்டன் போனார். தன் வாழ்க்கையிலேயே செய்த பெரிய தவறு அதுதான் என்று புத்தகத்தில் எழுதுகிறார்.

அங்கே என்ன கெடுதல் செய்தார்கள்? ஒன்றும் இல்லை! நல்ல சம்பளம், நல்ல மரியாதை. ஆனால் எல்லாம் எழுத்தில் இருக்க வேண்டும். ஒவ்வொரு காட்சியும் பல பேர் பார்த்து ஒப்புதல் தர வேண்டும். ஆபத்தான காட்சிகளை அவர் செய்யக் கூடாது, அவர் விலை உயர்ந்த சொத்து. பேசும் படம் வந்ததும் வசனம் வசனமாக எழுதிக் கொடுத்தார்கள். வேடிக்கை என்ன தெரியுமா? அந்தப் படங்கள் நன்றாகவே ஓடின. வசூலில் குறையில்லை. அவருக்குத்தான் அவற்றைப் பார்க்கச் சகிக்கவில்லை. குடி அதிகமானது. மணவாழ்க்கை முறிந்தது. 1933-ல் கம்பெனி அவரை வெளியே அனுப்பியது. குடியைப் பற்றிய அந்த அத்தியாயத்தை எழுதவே தனக்குப் பிடிக்கவில்லை என்று சொல்லிவிட்டுத்தான் எழுதுகிறார். யார் மேலும் பழி போடவில்லை.

இந்த இடத்தைப் படிக்கும்போது எனக்கு எங்க பிரஸ் ஷாப்பில் இருந்த ஒரு அண்ணன் ஞாபகத்துக்கு வந்தார். பெயர் வேண்டாம், கம்பெனி பெயரும் வேண்டாம். ஐ.டி.ஐ. படித்த ஃபிட்டர். பிரஸ் ஓடுகிற சத்தத்தை வைத்தே, "டையில பர் விழப் போகுது, நிறுத்துடா" என்பார். நிறுத்திப் பார்த்தால் சரியாக இருக்கும். பிறகு நிர்வாகம் மாறியது. எதைத் தொடுவதற்கு முன்னாலும் ஃபார்ம் நிரப்பி மூன்று கையெழுத்து வாங்க வேண்டும் என்றார்கள். அவரைச் சூப்பர்வைசர் ஆக்கி, சம்பளத்தைக் கூட்டி, மேஜை போட்டு உட்கார வைத்தார்கள். பதவி உயர்வுதான். ஆனால் ஒரே வருஷத்தில் ஆள் சுருங்கிவிட்டார். "கையைக் கட்டிட்டு காசு தராங்கப்பா" என்பார். வி.ஆர்.எஸ். வாங்கிக்கொண்டு போனார். போன வருஷம் தவறிவிட்டார். அவர் பார்த்த டைகளின் ஃபைல் கம்பெனியில் இருக்கும். எந்தச் சத்தத்தில் நிறுத்த வேண்டும் என்பது அந்த ஃபைலில் இருக்காது.

அதற்குப் பிறகு

கீட்டன் கதை அங்கே முடியவில்லை. அதே எம்.ஜி.எம்.முக்கு, வாரம் 100 டாலருக்கு, மற்ற நடிகர்களுக்கு நகைச்சுவை யோசனை சொல்கிறவராகத் திரும்பி வந்தார். ரெட் ஸ்கெல்டன் போன்றவர்களுக்குச் சொல்லிக் கொடுத்தார். 1949-ல் ஜேம்ஸ் ஏஜி என்ற விமர்சகர் 'லைஃப்' பத்திரிகையில் மௌன நகைச்சுவை பற்றி எழுதிய நீண்ட கட்டுரை அவரை மறுபடி நினைவுபடுத்தியது. காணாமல் போனதாக நினைத்த படச் சுருள்கள் அவருடைய பழைய வீட்டில் கிடைத்தன. அப்போது அங்கே குடியிருந்தவர் நடிகர் ஜேம்ஸ் மேசன். 1965-ல் வெனிஸ் திரைப்பட விழாவில் கூட்டம் எழுந்து நின்று கை தட்டியது. 1966 பிப்ரவரியில் இறந்துபோனார். இவ்வளவுக்குப் பிறகும் புத்தகத்தின் குரல் கசப்பாக இல்லை. தான் அதிர்ஷ்டக்காரன் என்றே நினைக்கிறார்.

நம் பக்கம்

இப்போ நம்ம ஊருக்கு வருவோம். இங்கிருந்து ரயில் ஏறினால் பல்லாவரம். பக்கத்தில் பம்மல். அந்த ஊர்ப் பெயரைத் தன் பெயரில் சுமந்தவர் பம்மல் சம்பந்த முதலியார். வக்கீல், நீதிபதி, நாடகக்காரர். 'நாடக மேடை நினைவுகள்' என்று ஆறு பாகம் எழுதினார். பேசும் படத்தில் தான் பட்ட அனுபவத்தையும் தனியாக எழுதினார். அவருடைய 'சபாபதி' நாடகம் 1941-ல் படமாக வந்தது, தமிழின் முதல் முழுநீள நகைச்சுவைப் படங்களில் ஒன்று. வேலைக்காரன் சபாபதியாக காளி என். ரத்னம் வருவாரே, இன்றைக்கும் சிரிப்பு வரும்.

பம்மல் முதலியார் படித்தவர், எழுதும் பழக்கம் உள்ளவர், சபா வைத்திருந்தவர். அவர் எழுதினார், நமக்குக் கிடைத்தது. ஆனால் மேடையில் தினமும் விழுந்து எழுந்து சம்பாதித்தவர்கள், கம்பெனி நாடகத்து பபூன்கள், மௌனப் படக் கொட்டகையில் திரைக்குப் பக்கத்தில் நின்று கதை சொன்னவர்கள், அவர்கள் கைப்பட எழுதியது எவ்வளவு இருக்கிறது? தென்னிந்தியாவில் எடுத்த மௌனப் படங்களே அழிந்துவிட்டன. நடராஜ முதலியாரின் 'கீசக வதம்' இல்லை. பார்க்கக் கிடைப்பது 'மார்த்தாண்ட வர்மா' போல விரல் விட்டு எண்ணக்கூடியதுதான். படமும் போய், செய்தவர் சொன்னதும் போனால், அந்த வேலை நடந்ததற்கே அடையாளம் இல்லை.

கீட்டன் பள்ளிக்கூடத்துக்கு ஒரே ஒரு நாள் போனவர் என்று சொல்வார்கள். அவரே உட்கார்ந்து எழுதவில்லை என்பதை மறுபடி சொல்கிறேன். ஒருவர் கேட்டார், இவர் சொன்னார். அவ்வளவுதான் தேவைப்பட்டது.

இந்தப் பேச்சைக் கேட்கிறவர்கள் வீட்டில் ஒரு தெருக்கூத்துக்காரர் இருக்கலாம், சினிமாவில் ஸ்டண்ட் செய்த மாமா இருக்கலாம், புரொஜெக்டர் ஓட்டிய தாத்தா இருக்கலாம், லேத் ஓட்டிய அப்பா இருக்கலாம். ஃபோனில் ரெக்கார்டரைப் போடுங்க. "உங்க வாழ்க்கையைப் பத்திச் சொல்லுங்க"ன்னு கேட்காதீங்க, "என்னத்த சொல்றது"ன்னு சொல்லிடுவாங்க. "அதை எப்படிச் செஞ்சீங்க? முதல்ல எந்தக் கையை வைப்பீங்க?"ன்னு கேளுங்க. அதுக்குப் பதில் வரும், அரை மணி நேரம் வரும்.

அப்படிப் பதிவு செய்தது ஏதாவது இருந்தால் எங்களுக்கு அனுப்புங்க. நல்லதாக இரண்டு மூன்று வந்தால் அதையே ஒரு எபிசோடாகப் போடலாம். அடுத்த முறை 'சபாபதி' படத்தை எடுத்துக்கொண்டு, காளி என். ரத்னத்தின் வேலையைக் காட்சி காட்சியாகப் பார்ப்போம். படத்தை ஒரு தடவை பார்த்துவிட்டு வாங்க.